பீச் வண்டியா, சென்ட்ரல் வண்டியா

செங்கொடிக்கு வாய் நீளம். இதை அவள் முகத்துக்கு நேராகவே பலமுறை சொல்லியிருக்கிறேன், அதனால் இங்கே எழுதுவதில் தப்பில்லை. கொருக்குப்பேட்டை ஸ்டேஷனில், மேம்பாலப் படிக்கட்டு வந்து இறங்குகிற இடத்தில் என் டீக்கடை இருக்கிறது. காலை வண்டிக்கு ஓடுகிறவள், அந்த ஓட்டத்திலும் ஒரு நிமிஷம் நின்று, "இன்னா அண்ணாச்சி, டீ போட்டியா, இல்ல டம்ளர் கழுவுன தண்ணிய சூடு பண்ணிக்கினு கீறியா?" என்று கேட்டுவிட்டுத்தான் போவாள். என் பெயர் இசக்கிப்பாண்டி. அது அவளுக்குத் தெரியாது, அவளும் கேட்டதில்லை. வடசென்னையில் கடை வைத்திருக்கும் தென்மாவட்டத்துக்காரன் எல்லாருக்கும் ஒரே பெயர்தான், அண்ணாச்சி. எனக்கும் அது பழகிப்போய்விட்டது.

அவள் அப்பா மண்ணாங்கட்டி, வியாசர்பாடியில் மூட்டை தூக்கியவர், சங்கத்து ஆள். மகளுக்குக் கொடியின் பெயரையே வைத்தார். அவளும் அந்தப் பெயருக்குக் குறை வைக்கவில்லை. குடித்துவிட்டு பிளாட்பாரத்தில் பெண்களிடம் வம்பு செய்த ஒருவனைச் சட்டையைப் பிடித்து இழுத்துக்கொண்டு போய் ரயில்வே போலீஸிடம் விட்டதை என் கண்ணால் பார்த்திருக்கிறேன். தண்டவாளத்தைத் தாண்டி வருகிறவர்களைக் கண்டால் அவளுக்கு ஆகவே ஆகாது. "மேல பாலம் கட்டி வுட்டுகீறது காக்கா குந்தறதுக்கா?" என்று முன்பின் தெரியாதவனைக்கூட நிறுத்தி வைத்துத் திட்டுவாள். திட்டு வாங்கியவன் இவள் ரயில்வேயில் ஏதோ உத்தியோகம் என்று நினைத்துக்கொண்டு பேசாமல் போவான்.

உண்மையில் அவளுக்குக் கத்திவாக்கம் பக்கம் ஒரு கம்பெனி கேன்டீனில் வேலை. காய் நறுக்குவது, பரிமாறுவது, பாத்திரம் தேய்ப்பது எல்லாம் அவள்தான். புருஷன் துறைமுகத்துக்கு கன்டெய்னர் லாரி ஓட்டுகிறான். லாரி வரிசையில் மாட்டிக்கொண்டால் வீட்டுக்கு எப்போது வருவான் என்று அவனுக்கே தெரியாது. கல்யாணமாகி வெகுகாலம் குழந்தை தங்கவில்லை. இரண்டு முறை வயிற்றிலேயே போய்விட்டது. அந்த இரண்டு முறையும் சில நாள் கழித்து வந்து, வழக்கம்போல டீயைக் குறை சொல்லிக் குடித்துவிட்டுப் போனாள். மாசமாக இருந்தபோது தினமும் கேட்டு வாங்கித் தின்ற முறுக்கு, அந்த டப்பாவைத் திறக்க எனக்குத்தான் அன்றைக்குக் கை வரவில்லை.

மூன்றாவதாகப் பிறந்து பிழைத்தது பெண் குழந்தை. அறிவுச்செல்வி என்று பெயர் வைத்தார்கள், கூப்பிடுவது அறிவு. வீட்டில் கொஞ்சுவதெல்லாம் பாப்பா, பாப்பா என்றுதான். குழந்தை வந்த பிறகுதான் செங்கொடிக்குப் பயம் என்று ஒன்று வந்தது. தோளில் தூங்கும் குழந்தையின் மூக்கருகே அடிக்கடி விரலை வைத்துப் பார்ப்பாள். பார்த்தது எனக்குத் தெரிந்தால் உடனே என் டீயைப் பற்றி ஏதாவது சொல்வாள்.

காலையில் குழந்தையோடு கொருக்குப்பேட்டையில் ஏறுவாள். திருவொற்றியூரில் இறங்கி நாத்தனார் வீட்டில் குழந்தையை விட்டுவிட்டு, அடுத்த வண்டி பிடித்து வேலைக்குப் போவாள். சாயங்காலம் அதே மாதிரி திருவொற்றியூரில் இறங்கி, குழந்தையை வாங்கிக்கொண்டு, மறுபடி வண்டி ஏறி இங்கே வந்து இறங்குவாள்.

இந்த லைனைப் பற்றி ஒன்று சொல்ல வேண்டும். கும்மிடிப்பூண்டி, எண்ணூர் பக்கமிருந்து வரும் வண்டிகள் எல்லாம் எங்கள் ஸ்டேஷன் வரைக்கும் ஒரே பாதை. எங்களைத் தாண்டினதும் பாதை இரண்டாகப் பிரிகிறது. ஒன்று வண்ணாரப்பேட்டை, ராயபுரம் வழியாக பீச்சுக்குப் போகிறது. மற்றது பேசின்பிரிட்ஜ் வழியாக சென்ட்ரலுக்குப் போகிறது. ராயபுரத்துக்காரனும் பேசின்பிரிட்ஜ்காரனும் ஏறுவதற்கு முன்னால் பலகையைப் பார்த்தே தீரவேண்டும். தப்பான வண்டி என்றால் இங்கே இறங்கி மாற வேண்டும். எங்கள் கொருக்குப்பேட்டை ஜனங்களுக்கு அந்தக் கவலையே கிடையாது. எந்த வண்டி வந்தாலும் அது நம்ம வண்டிதான். அதனால் நாங்கள் பலகையை நிமிர்ந்து பார்ப்பதில்லை. அறிவிப்பு சொன்னாலும் காதில் வாங்குவதில்லை. பிறந்ததிலிருந்து இந்த லைனில் போகிறவளைக் கேட்டாலும், தான் வந்தது பீச் வண்டியா சென்ட்ரல் வண்டியா என்று சொல்லத் தெரியாது.

லேடீஸ் பெட்டியில் இன்னொரு வழக்கம் உண்டு. உட்கார இடம் கிடைத்தவள், நிற்கிறவளின் குழந்தையை மடியில் வாங்கிக்கொள்வாள். யார், எந்த ஊர், என்ன பெயர் என்று ஒரு கேள்வி கிடையாது. கை நீளும், குழந்தை போகும், அவ்வளவுதான். அம்மாக்காரி வாசல் பக்கம் நிற்பாள். இறங்கும் இடம் வந்ததும் அவள் முதலில் கீழே குதித்துக் கையை ஏந்துவாள். மடியிலிருந்து ஒருத்தி, நடுவில் ஒருத்தி, வாசலில் ஒருத்தி என்று குழந்தை கைமாறிக் கைமாறி அம்மாவிடம் வந்து சேரும். இதை நான் தினமும் கடையிலிருந்து பார்க்கிறேன். ஒரே ஒரு நாளைத் தவிர, எந்த நாளும் தவறியதில்லை.

தவறிய நாளில் வண்டிகள் எல்லாம் தாமதம். வடக்கே எங்கேயோ சிக்னல் கோளாறு என்றார்கள். வந்தபோது ஒன்றன்பின் ஒன்றாக, உள்ளே மூச்சுவிட இடமில்லாமல் வந்தன. விளக்கு போடுகிற நேரம். பக்கத்துத் தண்டவாளத்தில் நிலக்கரி ஏற்றிய கூட்ஸ் ஒன்று வெகுநேரமாக நின்றிருந்தது. அது வேறு அப்போது பார்த்துக் கிளம்பி, காது கிழிகிற சத்தம்.

வண்டி நின்றது. இறங்குகிறவர்களும் ஏறுகிறவர்களும் வாசலில் மோதிக்கொண்டார்கள். செங்கொடி கீழே குதித்ததைப் பார்த்தேன். திரும்பிக் கையை ஏந்தினாள். முதலில் அவள் சாப்பாட்டுப் பை வந்தது. வாங்கித் தோளில் மாட்டிக்கொண்டு மறுபடி கையை ஏந்தினாள். அந்தக் கைக்குள் ஒன்றும் வரவில்லை. வண்டி நகர்ந்துவிட்டது.

அவள் ஓடினாள். "பாப்பா, பாப்பா" என்று கத்திக்கொண்டே வாசல் கம்பியைப் பிடிக்கப் பார்த்தாள். நான் டீ வடிகட்டியைக் கையில் வைத்துக்கொண்டே ஓடினேன். பிளாட்பாரம் முடிகிற இடத்துக்கு முன்னாலேயே அவள் குப்புற விழுந்தாள். நல்லவேளை, உள்பக்கம் விழுந்தாள். நான் போய்த் தூக்கியபோது முழங்கால் கிழிந்து ரத்தம் வந்துகொண்டிருந்தது. அவளுக்கு அது தெரியவே இல்லை.

"அண்ணாச்சி, எம் புள்ள வண்டிலயே பூட்டா."

"யார்கிட்ட தாயி குடுத்தே?"

"யாரோ ஒரு அம்மா. ஜன்னலாண்ட குந்திகினு இருந்துச்சி."

"எப்படி இருப்பா? முகம் எப்படி?"

அவள் என்னைப் பார்த்து விழித்தாள். "மூஞ்சிய யாரு பாத்தா? கைய நீட்டிச்சி, குடுத்தேன். பச்ச வளையல். அவ்ளோதான் தெரியும்."

"சரி, அது பீச் வண்டியா, சென்ட்ரல் வண்டியா?"

அவள் வண்டி போன பக்கம் திரும்பிப் பார்த்தாள். அவளும் பலகையைப் பார்க்கவில்லை. எனக்கும் அப்போதுதான் உறைத்தது, நானும் பலகையைப் பார்க்கவில்லை. வண்டி எந்தப் பக்கம் திரும்பியது என்று பார்க்கலாம் என்றால் கூட்ஸ் வண்டி மறைத்துக்கொண்டு போய்க்கொண்டிருந்தது. முடிவே இல்லாமல் பெட்டி, பெட்டி, பெட்டி.

கூட்டம் சேர்ந்துவிட்டது. சாதாரண நாளில் ஒருவன் விழுந்தால் தூக்க ஆள் வராது, பேச மட்டும் வந்துவிடுவார்கள். இறங்கியவர்களில் ஒருவன் பீச் என்றான், இன்னொருத்தி சென்ட்ரல் என்றாள். டென்னிஸ் என்று ஒரு பையன், துறைமுகத்தில் வேலை, தினமும் என் கடையில் கடன் சொல்லாமல் டீ குடிக்கிறவன், அதனால் நல்ல பையன்தான். அவன் சத்தியம் செய்தான். "இந்த டைம்ல பீச் வண்டிதான் அண்ணாச்சி. டெய்லி நான் பாக்கறேன்." தினமும் என்பது சரி. இன்றைக்கு வண்டிகள் எல்லாம் தாறுமாறாக வந்துகொண்டிருந்தன என்பதை அவன் யோசிக்கவில்லை.

அதற்குள் பின்னாலேயே அடுத்த வண்டி வந்து நின்றது. இந்த முறை எல்லாரும் பலகையைப் பார்த்தோம். பீச். "ஏறு, ஏறு, தொரத்திப் புடிச்சிடலாம்" என்று நாலு பேர் அவளை வாசலுக்குத் தள்ளினார்கள். செங்கொடி ஒரு காலை எடுத்து உள்ளே வைத்தாள். பிறகு காலை எடுத்துக் கீழே வைத்தாள். வண்டி போய்விட்டது.

"இன்னா அக்கா பண்ற நீ?" என்று டென்னிஸ் கத்தினான்.

"நான் இங்கதான் நிப்பேன்" என்றாள். "வாங்குனவ இங்கதான் கொண்டாந்து குடுப்பா. நான் அப்பால பூட்டா, வந்து யாராண்ட குடுப்பா?"

அவள் சொன்னது சரியா தப்பா என்று எனக்குத் தெரியவில்லை. உள்ளதைச் சொல்வதானால் எனக்கு அந்த நம்பிக்கை இல்லை. முகம் தெரியாத ஒருத்தி, பச்சை வளையல், அதை நம்பி நிற்பதா? ஆனால் அவள் நின்றாள். ஒரு தூணைக் கட்டிக்கொண்டு நின்றாள். பற்கள் தந்தியடிப்பது எனக்குக் கேட்டது. சித்திரை மாதம், எனக்கு வேர்த்து ஊற்றிக்கொண்டிருந்தது.

நான் ஸ்டேஷன் மாஸ்டர் அறைக்கு ஓடினேன். கடையில் பால் பொங்கி அடுப்பை அணைத்ததைப் பிறகுதான் பார்த்தேன். மாஸ்டர் நல்ல மனுஷன், விஷயத்தைச் சொன்னதும் எழுந்து நின்றுவிட்டார். போனது சென்ட்ரல் வண்டி என்றார். உடனே சென்ட்ரலுக்கு போன் போட்டார். லேடீஸ் பெட்டி, பெண் குழந்தை, மஞ்சள் கவுன், பச்சை வளையல் போட்ட அம்மா என்று நான் சொல்லச் சொல்ல அவர் சொன்னார். அன்றைக்கு நாத்தனார் வீட்டில் குழந்தைக்குப் புதுக் கவுன் போட்டுவிட்டிருந்தார்கள். திருவொற்றியூரில் வண்டி ஏறும்போது அத்தைக்குக் கையாட்டிவிட்டு ஏறியதாம்.

திரும்பி வந்து செங்கொடியிடம் சொன்னேன். "சென்ட்ரல் வண்டியாம். போலீஸு வாசல்ல நிக்குது. அங்கன இறக்கிருவாங்க. நீ பயப்படாத." பயப்படாதே என்று சொல்லும்போது என் குரலே எனக்கு அந்நியமாக இருந்தது. அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். பிடித்த பிடியில் என் மோதிர விரல் வலித்தது.

சற்று நேரத்தில் மாஸ்டரே வெளியே வந்தார். அவர் நடந்து வந்த நடையிலேயே எனக்குத் தெரிந்துவிட்டது. வண்டி சென்ட்ரல் போய்ச் சேர்ந்துவிட்டது, பெட்டி பெட்டியாகப் பார்த்துவிட்டார்கள், குழந்தை இல்லை.

"நல்லாப் பாத்தாங்களா சார்?" என்றேன்.

"எல்லாரும் இறங்கினப்புறம் சீட்டுக்கு அடியிலகூடப் பாத்துட்டாங்க. நடுவுல பேசின்பிரிட்ஜ் ஒண்ணுதான். அங்கயும் சொல்லியிருக்கேன்" என்றார்.

பேசின்பிரிட்ஜ் எப்படிப்பட்ட ஸ்டேஷன் என்று தெரிந்தவர்களுக்கு அந்த வார்த்தை போதும். எத்தனை பிளாட்பாரம், எத்தனை பக்கம் வழி. ஒரு குழந்தையோடு இறங்கி எந்தப் பக்கம் வேண்டுமானாலும் போய்விடலாம். செங்கொடி தூணோடு சரிந்து தரையில் உட்கார்ந்தாள். அழவில்லை. வலது கை விரலை நீட்டித் தன் தோளருகே கொண்டுபோனாள், குழந்தை மூச்சு வருகிறதா என்று பார்ப்பாளே, அந்த மாதிரி. அங்கே தோளில் சாப்பாட்டுப் பை மட்டும் தொங்கியது.

அந்தச் சமயத்தில்தான் அந்தப் பேச்சு கிளம்பியது. அந்த மாதம் முழுக்க எல்லார் போனிலும் ஒரே வீடியோதான். பிள்ளை பிடிக்கிறவர்கள் வந்திருக்கிறார்கள், இத்தனை பேர் ஊருக்குள் இறங்கியிருக்கிறார்கள், பிச்சைக்காரி வேஷத்தில் வருகிறார்கள் என்று. போலீஸ் பொய் என்று சொல்லியும் யாரும் கேட்கவில்லை. டென்னிஸ் போனை எடுத்து நீட்டினான்.

"அண்ணாச்சி, இத்த பாரு. இதே மேரிதான். ட்ரெயின்ல வந்து கொயந்தைய மடில வாங்கிக்கினு..."

"ஏலே, வாய மூடுலே. பெத்தவ உக்காந்திருக்கா."

மூடவில்லை. அவனோடு ஐந்தாறு பையன்கள் சேர்ந்துவிட்டார்கள். அவ மட்டும் கையில் கிடைத்தால் என்று ஒருவன் ஆரம்பித்தான். கைலியை மடித்துக் கட்டினான் இன்னொருவன். இவர்கள் யாரும் கெட்டவர்கள் இல்லை, அதுதான் எனக்கு இன்னும் பயமாக இருந்தது. காலையில் அண்ணாச்சி, அண்ணாச்சி என்று வந்து நிற்கிற அதே முகங்கள். இப்போது அந்த முகங்களில் ஒன்றுகூட எனக்குத் தெரிந்ததாக இல்லை.

எதிர் பிளாட்பாரத்தில் வடக்கே போகும் வண்டி வந்து நின்றது. செங்கொடி எழுந்தாள். எனக்கு ஜன்னல்களும் தலைகளும்தான் தெரிந்தன. வண்டி கிளம்பிப் போனது. அது மறைத்திருந்த இடத்தில், எதிர் பிளாட்பாரத்தில், ஒரு கிழிந்த புடவைக்காரி நின்றிருந்தாள். புடவை, கை, முகம் எல்லாம் நிலக்கரித் தூசியின் கருப்பு. இடுப்பில் ஒரு மஞ்சள் கவுன்.

"தோ கீறா, புடி அவள" என்று ஒரு குரல். பையன்கள் பிளாட்பாரத்திலிருந்து தண்டவாளத்தில் குதித்து ஓடினார்கள். அவர்கள் ஓடி வருவதைப் பார்த்த அந்தப் பெண் பின்வாங்கி, சுவரோடு ஒட்டி, குழந்தையை இரண்டு கையாலும் மார்போடு அமுக்கிக்கொண்டாள். குழந்தை வீறிட்டது.

செங்கொடி பாலத்தைப் பார்க்கவில்லை. பிளாட்பாரத்து விளிம்பில் உட்கார்ந்து, காலைத் தொங்கவிட்டு, தண்டவாளத்தில் குதித்தாள். ஊரையெல்லாம் திட்டியவள். எங்கேயோ ஒரு வண்டி ஹாரன் அடித்தது. எந்தத் தண்டவாளத்தில் என்று எனக்குத் தெரியவில்லை. நான் கண்ணை மூடிக்கொண்டேன், என்னால் ஆனது அவ்வளவுதான். திறந்தபோது அவள் எதிர்ப்பக்கம் ஏறிக்கொண்டிருந்தாள். முழங்காலால் ஊன்றி ஏறினாள், அதே கிழிந்த முழங்கால்.

நான் பாலத்தில் ஏறி ஓடினேன். மேலிருந்து பார்த்தேன். டென்னிஸ் கையை ஓங்கிவிட்டான். செங்கொடி நடுவில் புகுந்து, அந்தப் பெண்ணையும் குழந்தையையும் சேர்த்துக் கட்டிப்பிடித்து, முதுகைப் பையன்கள் பக்கம் காட்டி நின்றாள். ஓங்கிய கை அவள் முதுகில்தான் விழுந்தது. அந்தச் சத்தம் பாலத்தின்மேல் இருந்த எனக்குக் கேட்டது.

"அடிங்கடா" என்று செங்கொடி திரும்பாமலே சொன்னாள். "என்னிய அடிச்சிட்டு அப்பால இவளாண்ட வாங்க. இவ என் ஆளு. நான்தான் குடுத்தேன்."

டென்னிஸ் கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் நின்றான். மற்றவர்கள் ஒவ்வொருவராகப் பின்னால் நகர்ந்தார்கள். நான் இறங்கி வந்து சேர்ந்தபோது செங்கொடி குழந்தைக்காகக் கையை நீட்டிக்கொண்டிருந்தாள். அந்தப் பெண் கொடுக்கவில்லை. இன்னும் இறுக்கிப் பிடித்தாள்.

"நீ யாரு?" என்றாள்.

செங்கொடிக்குப் புரியவில்லை. "அம்மா. நான்தான் அம்மா."

"எல்லாரும் அதான் சொல்றாங்க. அங்க ஒரு பொம்பளகூட அதான் சொல்லிச்சி. இதும் பேரு இன்னா? சொல்லிட்டு வாங்கிக்க."

வாய் நீளமான செங்கொடிக்கு அந்த ஒரு பெயர் வரவில்லை. உதடு அசைகிறது, காற்றுதான் வருகிறது. பெற்ற பிள்ளையின் பெயர். நான் சொல்லிவிடலாம் என்று வாயெடுத்தேன், அதை அவள்தான் சொல்ல வேண்டும் என்று நிறுத்திக்கொண்டேன். குழந்தை அழுகையை நிறுத்திவிட்டு, "ம்மா" என்று இரண்டு கையையும் நீட்டியது.

"அறிவு" என்றாள் செங்கொடி. பக்கத்தில் நின்ற எனக்கே சரியாகக் கேட்கவில்லை.

அந்தப் பெண் குழந்தையைக் கொடுத்தாள். கொடுத்த பிறகு அப்படியே தரையில் உட்கார்ந்து, முகத்தைப் புடவையில் பொத்திக்கொண்டு அழுதாள். மஞ்சள் கவுனின் முதுகில் அவள் இரண்டு கைகளும் கருப்பாகப் பதிந்திருந்தன. பச்சை வளையல்களில் ஒன்றுகூட மிச்சமில்லை, உடைந்து மணிக்கட்டில் கீறியிருந்தது.

அவள் பெயர் குப்பம்மா. புளியந்தோப்புக் குடியிருப்பில் வீடு. அத்திப்பட்டுப் பக்கம் ஒரு நிலக்கரி யார்டில் கூட்டிப் பெருக்குகிற வேலை. என் கடைக்குக் கூட்டிவந்து உட்காரவைத்து டீ கொடுத்த பிறகுதான் நடந்ததைச் சொன்னாள். மடியில் குழந்தை தூங்கிவிட்டது. கொருக்குப்பேட்டையில் எழுந்து குழந்தையை நீட்டியிருக்கிறாள். நடுவில் வாங்க வேண்டியவள், கூட்டம் தள்ளியதில் தானே இறங்கிப் போய்விட்டாள். குப்பம்மா பேசின்பிரிட்ஜில் இறங்கியிருக்கிறாள். அவளுக்கு எப்போதும் இறங்கும் இடம் அதுதான். ஆனால் வீட்டுப் பக்கம் போகாமல், இந்தப் பக்கம் வரும் வண்டிக்காக எதிர் பிளாட்பாரத்தில் நின்றிருக்கிறாள். அப்போது குழந்தை விழித்து அழ ஆரம்பித்தது.

"கறுப்பா, கலீஜா ஒருத்தி, கையில புதுக் கவுனு போட்ட கொயந்த. சுத்திக்கினாங்க. யாரு கொயந்தன்னாங்க. வண்டில குடுத்தாங்கன்னேன். பேரு இன்னான்னாங்க. எனுக்கு இன்னா தெரியும்? கொயந்தைய கேட்டாங்க. அது பாப்பான்னுது. கைய புடிச்சி இஸ்தாங்க. வளையல்லாம் ஒடஞ்சி பூட்ச்சி. ஒரு பொம்பள வந்து, என் புள்ளதான் குடுன்னா. நான் குடுக்கல. வண்டில குடுத்தப்போ நீ பேரச் சொல்லல. நான் யார நம்பிக் குடுக்கறது?"

"அப்புறம் எப்படி வந்தே?" என்றேன்.

"வண்டி வந்துச்சி. லேடீஸ் பொட்டில இருந்து கைய நீட்டினாங்க. கொயந்தைய குடுத்தேன். அப்பால என்னியும் உள்ள இஸ்து போட்டாங்க." சொல்லிவிட்டு டீயைக் குடித்தாள்.

செங்கொடி அவள் பக்கத்தில் நகர்ந்து உட்கார்ந்தாள். குழந்தையை மடியில் வைத்துக்கொண்டு, தன் கையிலிருந்த இரண்டு கண்ணாடி வளையல்களைக் கழற்றிக் குப்பம்மாவின் கையில் போட்டுவிட்டாள். சிவப்பு வளையல். அளவு சரியாக இல்லை, இறுக்கமாகத்தான் இருந்தது.

டென்னிஸ் சில நாள் என் கடைப் பக்கம் வரவில்லை. வந்த அன்று செங்கொடி இருந்தாள். அவன் தலையைக் குனிந்துகொண்டு, "அக்கா" என்றான். "டீ குடிடா, கைக்கு வலு வரும்" என்று சிரித்தாள் அவள். அந்தச் சிரிப்புக்கு அவன் நாலு அடி வாங்கியிருந்தாலே மேல். பிறகு என் பக்கம் திரும்பினாள். "அண்ணாச்சி, உம் பேரு இன்னா?" எத்தனை வருஷம் கழித்துக் கேட்கிறாள் பாருங்கள். சொன்னேன். ஒருமுறை சொல்லிப் பார்த்துக்கொண்டு போனாள்.

அந்தக் கவுனை அவள் எவ்வளவோ துவைத்துப் பார்த்தாள். கரி போகவில்லை. குழந்தைக்கும் அது சிறிதாகிவிட்டது.

இப்போது எங்கள் லைனில் ஒரு பழக்கம் வந்திருக்கிறது. லேடீஸ் பெட்டியில் குழந்தையை மடிக்குக் கொடுக்கும்போது பெயரையும் இறங்கும் இடத்தையும் சேர்த்துச் சொல்லிக் கொடுக்கிறார்கள். செங்கொடி ஆரம்பித்தது. முதலில் சிலர் சிரித்தார்கள், சிலருக்குக் கோபம்கூட வந்தது, எங்களை நம்பவில்லையா என்று. பேசின்பிரிட்ஜில் நடந்தது காதுக்குக் காது போனதும் சிரிப்பு நின்றது. அவள் ஏறும் முன் பலகையைப் பார்க்கிறாள். பார்த்த பிறகும் உள்ளே கேட்கிறாள், இது பீச் வண்டியா, சென்ட்ரல் வண்டியா என்று. இறங்கும்போது குழந்தையைக் கையில் வாங்கிக்கொண்டுதான் படியில் கால் வைக்கிறாள். பின்னால் நிற்கிறவர்கள் எவ்வளவு கத்தினாலும் கேட்பதில்லை.

சில நாள் குப்பம்மாவும் அதே வண்டியில் இருப்பாள். அவள் மடிக்குத்தான் குழந்தை போகும், கேட்காமலே தாவிப் போகும். அப்போதும் செங்கொடி, "அறிவு, செங்கொடி பொண்ணு, கொருக்குப்பேட்ட" என்று சொல்லிவிட்டுத்தான் கையை விடுவாளாம். "தெரியும்டி, எனுக்கே சொல்றியா" என்பாளாம் குப்பம்மா. செங்கொடி அதைக் காதில் வாங்காமல் இன்னொரு தரம் சொல்வாளாம்.